ஒளிப்பதிவும் ஒரு சுவடிதான்

கோவை டவுன்ஹால் பக்கம் வெரைட்டி ஹால் ரோடு என்றொரு சாலை உண்டு. நெரிசலில் வண்டியை உருட்டிக்கொண்டு போகிறவர்களில் பலருக்கு அது கடைவீதியின் பெயர், அவ்வளவுதான். அந்தப் பெயருக்குப் பின்னால் சாமிக்கண்ணு வின்சென்ட் இருக்கிறார். ரயில்வேயில் வரைவாளராக இருந்த வின்சென்ட், 1905இல் டுபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து படம் காட்டும் கருவியையும் சுருள்களையும் விலைக்கு வாங்கினார். கூடாரத்தைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராக அலைந்தார். 1914இல் சொந்த ஊரான கோவையில் நிலையான கொட்டகை ஒன்றைக் கட்டினார். அதுதான் வெரைட்டி ஹால். பின்னாளில் டிலைட் தியேட்டர் என்று பெயர் மாறியது. பழைய பெயர் சாலையோடு தங்கிவிட்டது.

தமிழ் பேசும் படம் 1931இல் வந்தது. இரண்டே ஆண்டில், 1933இல், கல்கத்தாவின் பயனீர் நிறுவனத்தோடு சேர்ந்து வின்சென்ட் ஒரு படம் எடுத்தார். புதுக்கதை எதையும் அவர் தேடவில்லை. தமிழ்நாட்டு மேடைகளில் விடிய விடிய ஆடப்பட்டு, பாட்டும் தர்க்கமும் சனங்களுக்கு மனப்பாடமாகிவிட்டிருந்த ‘வள்ளி திருமண’த்தையே எடுத்தார். வள்ளியாக டி.பி. ராஜலட்சுமி நடித்தார். படம் நன்றாக ஓடியது. நாடகத்தைப் படச்சுருளில் ஏற்றும் வேலை கோவைக்கு அந்த அளவுக்குப் பழக்கமான வேலை.

அதே ஊர்க் கல்லூரிகளில் இன்று நாடகம் எப்படிப் படிக்கப்படுகிறது? ஆங்கில இலக்கிய மாணவி ‘மக்பெத்’தை வரி வரியாக அடிக்கோடிட்டுப் படிக்கிறார். தமிழ் மாணவர் ‘மனோன்மணீய’த்தை அங்கம், களம் என்று பிரித்துக்கொண்டு, கதைமாந்தர் பண்பு எழுதப் பயிற்சி எடுக்கிறார். தேர்வுக்கு முந்தின வாரம் நோட்ஸ் வந்துவிடும். நடிகரின் குரலையோ, விளக்கு இறங்கும் கணத்தையோ, பார்வையாளர் மூச்சு விடாமல் இருக்கும் அந்த அரை நிமிடத்தையோ ஒருமுறைகூட அறியாமல் நாடகத்தில் முதல் வகுப்பு வாங்கிவிடலாம். சமையல் குறிப்பைப் படித்துவிட்டு ருசி எழுதுவதைப் போன்றது இது.

இதற்கு மருந்தாக இப்போது பல வகுப்பறைகளில் புரொஜெக்டர் வந்திருக்கிறது. நல்லதுதான். ஆனால், திரையில் எதைக் காட்டுகிறோம், காட்டியதை எப்படிப் படிக்கச் சொல்கிறோம் என்ற கேள்விக்கு இன்னும் பதில் சொல்லப்படவில்லை.

படமாக்கப்பட்ட நாடகம் வேறு

பேராசிரியர் பெ. சுந்தரம் பிள்ளை ‘மனோன்மணீய’த்தை 1891இல் வெளியிட்டார். லிட்டன் எழுதிய ஆங்கிலக் கதைக்கவிதை ஒன்றைக் கருவாகக் கொண்டு, ஆசிரியப்பாவில் ஐந்து அங்கமாக எழுதிய நாடகம் அது. படிப்பதற்கான நாடகம் என்ற முத்திரை அதன்மேல் விழுந்துவிட்டது. அரை நூற்றாண்டு கழித்து, சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரம் அதைக் கையில் எடுத்தார். பி.யு. சின்னப்பாவும் டி.ஆர். ராஜகுமாரியும் நடித்த ‘மனோன்மணி’ 1942இல் வந்தது. அகவலில் நடந்த நாடகம், வசனமும் பாட்டும் கலந்த சினிமாவாக மாறியது. சுந்தரம் பிள்ளையின் கதை கொட்டகைக்கு வந்துவிட்டது. அவருடைய செய்யுளை ஒரு நடிகர் வாய்விட்டுச் சொன்னால் எப்படிக் கேட்கும் என்ற கேள்வி வாசலிலேயே நின்றுவிட்டது.

‘மனோகரா’ இன்னும் சுவையான கேஸ். பம்மல் சம்பந்த முதலியார் அந்த நாடகத்தை எழுதியது 1895இல். இன்று மனோகரன் என்றதும் தமிழர் காதில் ஒலிப்பது 1954ஆம் ஆண்டுப் படத்தில் சிவாஜி கணேசன் சங்கிலியோடு முழங்கும் வசனம். அந்த வசனம் மு. கருணாநிதியுடையது. சம்பந்த முதலியாரின் நாடகத்தைப் பாடமாக எடுத்த மாணவர் இந்தப் படத்தைப் பார்த்துவிட்டுத் தேர்வுக்குப் போனால், 1895ஐப் பற்றிக் கேட்ட கேள்விக்கு 1954ஐ எழுதிவிட்டு வருவார். மதிப்பெண் போனாலும் பரவாயில்லை. இரண்டு காலத்து மேடைத் தமிழுக்கும் நடுவில் என்ன நடந்தது என்று ஒப்பிட்டுப் பார்க்கும் அருமையான வாய்ப்பு போய்விடுகிறது.

கோவை சிங்காநல்லூரின் சென்ட்ரல் ஸ்டுடியோ இந்தக் கதையில் இன்னொரு கிளை. அறிஞர் அண்ணாவின் ‘வேலைக்காரி’ மேடையில் வெற்றி பெற்ற பிறகு, ஜூபிடர் நிறுவனம் ஏ.எஸ்.ஏ. சாமி இயக்கத்தில் அங்கே அதைப் படமாக்கியது. 1949இல் வெளிவந்தது. மேடையில் ஆனந்தனாக நடித்த கே.ஆர். ராமசாமியே படத்திலும் ஆனந்தன். காளி கோயிலில் அவர் குமுறும் காட்சியைப் பார்க்கும்போது, சினிமாவுக்குள் ஒரு மேடை நடிகரின் உடல்மொழி அப்படியே புகுந்திருப்பது தெரியும். மைக் இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்கும் எட்டப் பேசிப் பழகிய தொண்டை அது. நாடக வரலாறு படிப்பவருக்கு அந்தப் பத்து நிமிடம் ஓர் ஆவணம்.

எம்.ஆர். ராதாவின் ‘ரத்தக் கண்ணீர்’ இதற்கு நேர் எதிர்த் திசையில் ஒரு பாடம் தருகிறது. திருவாரூர் கே. தங்கராசு எழுதிய அந்த நாடகத்தை ராதா ஆண்டுக்கணக்கில் ஆடினார். காலையில் பத்திரிகையில் வந்த செய்தி இரவு வசனத்தில் ஏறிவிடும் என்பது பார்த்தவர்கள் சொல்லிச் சொல்லி அலுக்காத விஷயம். 1954இல் வந்த படம் அந்த ஆயிரம் இரவுகளுக்கு நமக்குக் கிடைத்திருக்கும் திரைச் சாட்சி. படம் வந்த பிறகும் ராதா மேடையை விடவில்லை. ஆனால், அந்த இரவுகளைப் படம்பிடித்து வைக்க வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை.

பர்ட்டனின் இரண்டு நாள் ஹாம்லெட்

நாடகத்தைச் சினிமாவாக மாற்றாமல், மேடையில் நடப்பதை நடப்பதுபோலவே பிடித்து வைக்கும் முயற்சி வெளிநாட்டில் எப்படித் தொடங்கியது என்பதும் கேட்கத் தகுந்த கதை. 1964இல் நியூயார்க்கில் ஜான் கில்குட் இயக்க, ரிச்சர்ட் பர்ட்டன் ‘ஹாம்லெட்’ நடித்தார். ராஜ உடை கிடையாது. ஒத்திகைக்கு வந்த உடுப்போடு நடப்பதுபோல அமைத்த நாடகம். பார்வையாளர் முன்னால் நடந்துகொண்டிருக்கும்போதே பல கேமராக்கள் வைத்துப் பதிவு செய்தார்கள். அமெரிக்காவெங்கும் ஏறக்குறைய ஆயிரம் திரையரங்குகளில் இரண்டே நாள் காட்டினார்கள். பிறகு பிரதிகளை எல்லாம் அழித்துவிட வேண்டும் என்பது ஒப்பந்தம். நாடகம் கண்முன்னே கரைந்துபோக வேண்டிய கலை என்ற பிடிவாதம்! நல்லவேளையாக ஒப்பந்தம் முழுதாக நிறைவேறவில்லை. பர்ட்டன் வீட்டிலேயே ஒரு பிரதி தங்கியிருந்தது. அதனால்தான் இன்று உலகெங்கும் மாணவர்கள் அதைப் பார்க்கிறார்கள்.

1970இல் நியூயார்க் பொது நூலகத்தில் பெட்டி கார்வின் என்ற பெண்மணி மேடை நாடகங்களைப் படம்பிடித்துச் சேமிக்கும் ஆவணகம் ஒன்றைத் தொடங்கினார். நடிகர், தொழிலாளர் சங்கங்களோடு பேசி, நூலகத்துக்கு வந்து பார்க்க மட்டும் அனுமதி என்று ஏற்பாடு செய்தார். பிபிசி தொலைக்காட்சி 1978 முதல் 1985 வரை ஷேக்ஸ்பியரின் 37 நாடகங்களையும் எடுத்து முடித்தது. லண்டன் நேஷனல் தியேட்டர் 2009இல் ஹெலன் மிரன் நடித்த ‘ஃபெத்ர’ நாடகத்தை மேடையிலிருந்து நேரடியாகத் திரையரங்குகளுக்கு அனுப்பியது. 2020 ஊரடங்கில் அவர்கள் சில நாடகங்களை யூடியூபில் இலவசமாக ஏற்றியபோது, கோவையில் வீட்டு மாடியில் உட்கார்ந்து செல்பேசியில் பார்க்கவும் வழி பிறந்தது.

இப்படிப்பட்ட பதிவால் வகுப்பில் என்ன நடக்கும் என்பதற்கு ஒரே ஒரு காட்சி போதும். ‘மக்பெத்’தின் விருந்துக் காட்சியில், பாங்கோவின் ஆவி நுழைந்து மக்பெத்தின் இருக்கையில் அமர்கிறது என்று பழைய அச்சுப் பிரதியில் மேடைக் குறிப்பு இருக்கிறது. ரோமன் போலன்ஸ்கி 1971இல் எடுத்த படத்தில் ஆவி ரத்தம் சொட்டச் சொட்ட வருகிறது. டிரெவர் நன் 1976இல் மேடையேற்றிய, பிறகு தொலைக்காட்சிக்காகப் பதிவு செய்யப்பட்ட நாடகத்தில் ஆவியே கிடையாது. வெற்று இருக்கை. அதைப் பார்த்து இயன் மெக்கெல்லன் நடுங்குவது மட்டும்தான். கணவனைச் சமாளித்துக்கொண்டே விருந்தாளிகளைப் பார்த்துச் சிரிக்கும் ஜூடி டென்ச் முகம் பக்கத்தில். முதலாவது, பேய் இருக்கிறது என்கிறது. இரண்டாவது, பேய் அவன் மண்டைக்குள் இருக்கிறது என்கிறது. எது சரி என்று கேட்டால் வகுப்பு இரண்டாகப் பிளக்கும். சண்டை முற்றியதும் மாணவர்கள் தாமாகவே நூலைப் புரட்டி அந்த வரிகளைத் தேடுவார்கள். நோட்ஸ் செய்யாத வேலையை இரண்டு காணொளித் துண்டுகள் செய்துவிடும்.

காங்கேயத்து ஒலிநாடா

இவ்வளவும் வெள்ளைக்காரர் சமாச்சாரம் என்று ஒதுக்க வேண்டாம். இதைவிடக் கூர்மையான பாடம் கொங்கு மண்ணிலேயே படிக்கக் கிடைக்கிறது.

பிரெண்டா பெக் என்ற மானிடவியல் ஆய்வாளர் 1960களின் நடுவில் காங்கேயம் பக்கத்து ஓலப்பாளையத்தில் வந்து தங்கினார். 1965இல், உடுக்கடிப் பாடகர்கள் பல இரவுகள் பாடிய அண்ணன்மார் கதையை, அதாவது பொன்னர், சங்கர் என்ற வீரச் சகோதரர்களின் கதையை, ஒலிநாடாவில் பதிவு செய்தார். அதோடு நிற்காமல், அதே பாடகரை உட்காரவைத்து, அதே கதையைச் சொல்லச் சொல்லி எழுதியும் வாங்கினார். ஒரே ஆள், ஒரே கதை. ஆனாலும் ஊர்சனம் முன்னால் பாடியதும், எழுதுபவர் முன்னால் சொன்னதும் ஒன்றுபோல இல்லை. பெக் 1982இல் வெளியிட்ட ‘மூன்று இரட்டையர்’ என்று பொருள்படும் தலைப்புக் கொண்ட ஆங்கில நூலில் இந்தக் கதை சொல்லும் முறையே பேசுபொருள்.

அண்ணன்மார் கதைக்கு ஏடு உண்டு. கவிஞர் சக்திக்கனல் பதிப்பித்த அச்சு நூல் உண்டு. கருணாநிதியின் ‘பொன்னர் சங்கர்’ நாவலும் அதை வைத்து 2011இல் எடுத்த சினிமாவும் உண்டு. ஆனால் அண்ணன்மார் மாளும் படுகள இரவில் என்ன நடக்கிறது? உடுக்கைச் சத்தம் ஏற ஏற, கேட்டுக்கொண்டிருந்த ஆட்களே அருள் வந்து சாய்கிறார்கள். மாண்ட வீரர்களாகக் கிடக்கிறார்கள். பிறகு தீர்த்தம் தெளித்து எழுப்பப்படுகிறார்கள். யார் நடிகர், யார் பார்வையாளர் என்ற கோடு அங்கே அழிந்துபோகிறது. மேலே சொன்ன எந்த நூலிலும் எந்தப் படத்திலும் இதைப் பார்க்க முடியாது. நோம்பிக்குப் போனவர் பார்த்திருப்பார். இல்லையென்றால், நல்ல பதிவு ஒன்று இருந்தால் பார்க்கலாம்.

கொடுமுடியில் பிறந்த கே.பி. சுந்தராம்பாளின் கதையும் இதோடு சேர்ந்ததுதான். அவரும் எஸ்.ஜி. கிட்டப்பாவும் சேர்ந்து மேடையேறினால் கூட்டம் எப்படித் திரளும் என்று அந்தக் காலத்துக்காரர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். கிட்டப்பா 1933 டிசம்பரில், முப்பது வயதைத் தொடுமுன்னே இறந்தார். சினிமா அவரைத் தொடவில்லை. இசைத்தட்டில் குரல் இருக்கிறது. எப்படி நின்றார், எப்படித் திரும்பினார் என்பது எதிலும் இல்லை. சுந்தராம்பாள் 1935இல் ‘நந்தனார்’ படத்தில் நடித்துத் திரைக்கு வந்தார். ஜோடியில் ஒருவருக்கு உருவம், ஒருவருக்குக் குரல் மட்டும் என்று பங்கு பிரித்துவிட்டது காலம்.

தாத்தா காட்டிய வழி

ஒளிப்பதிவை வைத்து நாடகம் படிப்பதில் ஒரு பயம் நியாயமானது. மாணவர் படத்தைப் பார்த்துவிட்டு நூலை மூடிவிடுவார் என்ற பயம். இன்னொன்றும் உண்டு. மேடையில் ஐந்து பேர் நிற்கும்போது யாரைப் பார்ப்பது என்று பார்வையாளர் தாமே முடிவு செய்கிறார். கேமரா வந்துவிட்டால் அந்த முடிவைக் கேமராக்காரர் எடுத்துவிடுகிறார். ஜூடி டென்ச் முகத்தை நெருக்கத்தில் காட்டும் நேரத்தில் விருந்தாளிகள் என்ன செய்கிறார்கள் என்று நமக்குத் தெரியாது. பதிவு உண்மையைக் காட்டுகிறது. தான் தேர்ந்தெடுத்த உண்மையை மட்டும் காட்டுகிறது.

இந்தச் சிக்கலுக்கு வேறெங்கும் போய் வழி கேட்க வேண்டியதில்லை. தமிழ்த் தாத்தா உ.வே. சாமிநாதையர் 1887இல் ‘சீவக சிந்தாமணி’யையும் 1892இல் ‘சிலப்பதிகார’த்தையும் பதிப்பித்தபோது செய்த காரியம் என்ன? ஊர் ஊராகப் போய்ச் சுவடிகளைத் திரட்டினார். ஒன்றில் இருந்தது மற்றொன்றில் இல்லை. எந்த ஏட்டையும் முழுதாக நம்பவில்லை, எதையும் தூக்கி எறியவுமில்லை. பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டுப் பாடபேதம் குறித்தார். நாடகப் பதிவும் அப்படியொரு சுவடிதான். பர்ட்டனின் ஹாம்லெட் ஓர் ஏடு. அதே ஹாம்லெட்டைச் சம்பந்த முதலியார் ‘அமலாதித்தன்’ என்று தமிழுக்குக் கொண்டுவந்தாரே, அது இன்னோர் ஏடு. ஒற்றை ஏட்டை மட்டும் வைத்துக்கொண்டு இதுதான் மூலம் என்று சாதிப்பவரைத் தாத்தா பக்கத்தில் சேர்க்க மாட்டார்.

வகுப்பறையில் இதைச் செய்வது பெரிய வித்தை இல்லை. மூன்று மணி நேர நாடகத்தை முழுதாக ஓடவிட்டு, விளக்கை அணைத்துவிட்டு, ஆசிரியர் விடைத்தாள் திருத்தப் போவதில் பயனில்லை. முதலில் ஒரு காட்சியை நூலில் படிக்க வேண்டும். இதை நீ நடத்தினால் யாரை எங்கே நிறுத்துவாய் என்று மாணவரைக் கேட்டுத் தாளில் வரையச் சொல்ல வேண்டும். அதற்குப் பிறகு, அந்தக் காட்சிக்கு இரண்டு பதிவுகளைப் பத்துப் பத்து நிமிடம் காட்டலாம். வெட்டிய வரி எது, கூட்டிய மௌனம் எது, கேமரா மறைத்தது எது என்று பாடபேதப் பட்டியல் போடச் சொல்லலாம். கடைசியில் மாணவர்களே எழுந்து நடித்துப் பார்க்கலாம்.

‘மனோன்மணீய’த்தில் நடராசன் நாங்கூழ்ப் புழுவைப் பார்த்துப் பேசும் இடம் புகழ்பெற்றது. தேர்வுக்கு அது இயற்கை வருணனை. நடிக்க எழுந்ததும்தான் தொல்லை தொடங்கும். புழு எங்கே இருக்கிறது? நடிகர் குனிய வேண்டுமா, மண்டியிட வேண்டுமா? பேச்சு புழுவோடா, தன்னோடா, பார்வையாளரோடா? அகவலின் சீரில் மூச்சை எங்கே விடுவது? இதற்கு விடை தேடும் நாலு மாணவர்களைச் செல்பேசியில் பதிவு செய்து, அடுத்த ஆண்டு மாணவர்களுக்குக் காட்டினால், அந்தக் கல்லூரியிலேயே ஒரு சுவடி பிறந்துவிடும்.

இலங்கையில் உயர்தர வகுப்பிலேயே ‘நாடகமும் அரங்கியலும்’ ஒரு பாடம். இங்கே தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தின் நாடகத் துறையும், புதுச்சேரிப் பல்கலைக்கழகத்தில் நாடகாசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் பெயர் தாங்கிய நிகழ்கலைப் பள்ளியும் இருக்கின்றன. மேற்கு மாவட்டங்களிலிருந்து இரண்டுமே தூரம். 1944இல் டி.கே.எஸ். சகோதரர்கள் நாடகக் கலை மாநாட்டைக் கூட்டியது ஈரோட்டில் என்பதை நினைத்தால் இந்தத் தூரம் கொஞ்சம் உறுத்தும்.

காந்திபுரத்தில் ஒரு அறை

சட்டம் குறுக்கே நிற்கிறதா? 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆவது பிரிவு, கல்வி நிறுவனத்துக்குள் மாணவர்களும் ஆசிரியர்களும் பெற்றோரும் மட்டும் பார்க்கும்படி படம் காட்ட இடம் தருகிறது. சுந்தரம் பிள்ளை, சங்கரதாஸ் சுவாமிகள், சம்பந்த முதலியார் மூவரின் எழுத்தும் பதிப்புரிமைக் காலத்தைக் கடந்துவிட்டவை. யார் வேண்டுமானாலும் மேடையேற்றலாம், பதிவு செய்யலாம். அதே சட்டம் 38ஆவது பிரிவில் நிகழ்த்துபவருக்கும் உரிமை தந்திருக்கிறது. கூத்துக்காரரிடம் கேட்காமல் கேமராவை நீட்டக் கூடாது. கேட்டு, கூலி கொடுத்து, பெயர் போட்டுப் பதிவு செய்ய வேண்டும்.

கோவை காந்திபுரத்தில் பெரியார் பெயரிலான நூலகத்துக்கு 2024 நவம்பரில் அரசு அடிக்கல் நாட்டியது. அதில் நாடகப் பதிவுகளுக்கென்று ஒரு அறை கேட்பது பேராசையாகாது. நியூயார்க் நூலகத்தைப்போல, வந்து உட்கார்ந்து பார்க்க மட்டும் அனுமதிக்கலாம். சேலத்துக் கூத்து, ஓலப்பாளையத்து உடுக்கடி, மதுரைப் பக்கத்து ஸ்பெஷல் நாடகத்தில் நாரதரும் வள்ளியும் ஒத்திகையே இல்லாமல் மணிக்கணக்கில் மோதும் தர்க்கம், கல்லூரி மாணவர் போட்ட ‘அமலாதித்தன்’ எல்லாம் ஒரே அலமாரியில் இருக்கட்டும். ஒவ்வொரு பதிவுக்கும் ஒரு தாள்: எந்த ஊர், எந்தத் தேதி, எந்த நோம்பி, ராஜபார்ட் யார், ஸ்திரீபார்ட் யார், ஆர்மோனியம் யார், பின்பாட்டு யார், கேமரா எத்தனை, எந்தப் பகுதி வெட்டப்பட்டது. ஒரு நிலைக் கேமரா மேடை முழுவதையும் விடாமல் பிடிக்க வேண்டும், இன்னொன்று முகங்களைத் தேடிப் போகலாம் என்ற விதி மட்டும் கட்டாயம்.

செலவைப் பற்றிக் கவலைப்படுகிறவர்கள், ஏதாவது ஒரு மாரியம்மன் நோம்பிக்குப் போய்ப் பார்க்கலாம். கூத்து நடக்கும் களத்தின் ஓரத்தில், கம்பம் நட்ட இடத்துக்குப் பக்கத்தில், உள்ளூர் ஸ்டுடியோக்காரர் ஏற்கெனவே கேமராவை நிறுத்திவிட்டுப் பிளாஸ்டிக் நாற்காலியில் அரைத் தூக்கத்தில் இருப்பார். கோமாளி வந்தால் எழுந்து பிடிப்பார். விடிகாலை மூன்று மணிக்கு, கூட்டம் குறைந்து ஆட்டம் சூடேறும் நேரத்தில், பேட்டரி தீர்ந்துவிடும். மறுநாள் ஊர்ப் பெயரை மட்டும் போட்டு இருபது நிமிடத்தை யூடியூபில் ஏற்றுவார். மீதிப் பதிவு, அடுத்த முகூர்த்தத்துக்கு மெமரி கார்டு தேவைப்படும் வரை அவருடைய பையில் இருக்கும்.